கைதச்சக்கையும் கிராம்பும் போட்ட சூடான பழச்சாறு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டிசம்பர் பிறந்தால் எங்கள் கன்னியாகுமரி மாவட்டத்தில் ஒவ்வொரு வீட்டிலும் ஒரு கூட்டம் நடக்கும். கேரல் பாட வருகிறவர்கள், அன்பியக் கூட்டம் (பங்கில் பக்கத்துப் பக்கத்துக் குடும்பங்கள் சேர்ந்து ஜெபிப்பது), கிறிஸ்துமஸ் குடில் பார்க்க வரும் சொந்தக்காரர்கள் என்று ஆள் வந்துகொண்டே இருப்பார்கள். வருகிறவர்களுக்கு சாயாவும் கேக்கும் கொடுப்பதுதான் வழக்கம். சில வருடங்களாக எங்கள் வீட்டில் சாயாவுக்குப் பதில் அடுப்பில் ஒரு பெரிய சருவம் (வாயகன்ற பாத்திரம்) நிறைய இந்தச் சூடான கைதச்சக்கைச் சாறு இருக்கும் (அன்னாசியைத்தான் சொல்கிறேன், வெளியூரிலிருந்து படிப்பவர்களுக்காக). குடித்தவர்கள் எல்லாரும் ஏறக்குறைய ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் போனில் சொல்வதை விட ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடலாம் என்று தோன்றியது.

இது என்ன, சுக்குக்காப்பியா, பானகமா, இல்லை வைனா?

மூன்றும் இல்லை. பழச்சாற்றில் கிராம்பு, பட்டை, சுக்கு, ஏலக்காய் போட்டு மெல்லச் சூடாக்கி, கருப்பட்டி கரைத்து, சூடாகவே குடிப்பது. சாராயம் எதுவும் இதில் கிடையாது, அதனால் சின்னப் பிள்ளைகளுக்கும் தாராளமாகக் கொடுக்கலாம். குளிர் நாடுகளில் இது பழைய பழக்கம். இங்கிலாந்தில் ஆப்பிள் சாற்றையும் ஜெர்மனியில் சிவப்பு வைனையும் பட்டை கிராம்பு போட்டுச் சூடாக்கிக் கிறிஸ்துமஸ் சமயத்தில் குடிக்கிறார்கள். மெக்சிகோவில் அதே நாட்களில் 'போன்சே' என்று ஒன்று செய்கிறார்கள், அதில் கொய்யா, கரும்புத் துண்டு, பட்டை, அப்புறம் நம் வெல்லம் போலவே சுத்திகரிக்காத ஒரு சர்க்கரைக் கட்டி. அதைப் பற்றிப் படித்தபோதுதான், இதற்கு வேண்டியது எல்லாம் நம் மாவட்டத்திலேயே இருக்கிறதே என்று எனக்கு உறைத்தது.

ஆப்பிள் ஜூஸ் பாக்கெட் வாங்கிச் சூடாக்கினால் போதாதா?

செய்யலாம், தப்பில்லை, ஆனால் எனக்கு அதில் மனம் ஒப்பவில்லை. குலசேகரம், அருமனை பக்கம் ரப்பர் தோட்டங்களில் மரம் சின்னதாக இருக்கும் முதல் சில வருடங்களில் இடையில் கைதச்சக்கைதான் போடுவார்கள். நிழல் அடைத்துவிட்டால் அது வராது. அந்தப் பழத்தின் புளிப்பும் வாசனையும் பாக்கெட்டில் வராது. கிராம்பு மாறாமலைப் பக்கம் விளைகிறது, 2021-இல் கன்னியாகுமரி கிராம்பு என்ற பெயரிலேயே புவிசார் குறியீடு வாங்கியாயிற்று. கருப்பட்டிக்குக் கேட்கவே வேண்டாம். மலையிலிருந்து கிராம்பு, தோட்டத்திலிருந்து பழம், பனையிலிருந்து இனிப்பு என்று மூன்றும் ஒரு மணி நேரப் பயணத்துக்குள் கிடைக்கும்போது வடக்கே இருந்து வரும் ஆப்பிளுக்கு நான் ஏன் போக வேண்டும்?

ஐம்பது பேருக்கு என்னென்ன, எவ்வளவு?

ஆளுக்கு 150 மில்லி என்று வைத்தால் ஏழரை லிட்டர் வரும். ஆனால் பாதிப் பேர் இரண்டாவது தம்ளர் கேட்பார்கள், அதனால் 10 முதல் 11 லிட்டர் என்று கணக்குப் போடுங்கள். ஒன்றரைக் கிலோ எடையில் ஆறு கைதச்சக்கை, 8 லிட்டர் தண்ணீர், ஒரு கிலோ கருப்பட்டி, எட்டு ஆரஞ்சு, ஆறு எலுமிச்சை. மசாலாவுக்கு 50 கிராம் சுக்கு, விரல் நீளத்தில் ஐந்து பட்டை, 30 கிராம்பு, 15 ஏலக்காய், ஒரு தேக்கரண்டி மிளகு. ஒரு சிட்டிகை உப்பு. கருப்பட்டியை முழுவதும் ஒரேயடியாகப் போட்டுவிடாதீர்கள், முதலில் முக்கால் கிலோ போட்டுக் குடித்துப் பார்த்து, பழம் புளிப்பாக இருந்தால் மட்டும் மீதியைச் சேருங்கள்.

சரி, எப்படிச் செய்வது?

முக்கியமான விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், தோலைத் தூரப் போடாதீர்கள். கைதச்சக்கையின் மணத்தில் நல்ல பங்கு தோலில்தான் இருக்கிறது. பழத்தை வெட்டுவதற்கு முன்பே கொண்டையைத் திருகி எடுத்துவிட்டு, உப்புத் தண்ணீரில் பத்து நிமிடம் போட்டு, பிரஷ் வைத்துக் கண் கண்ணாகத் தேய்த்துக் கழுவுங்கள். அந்தக் குழிகளுக்குள் மண்ணும் எறும்பும் இருக்கும். மருந்து அடித்த பழமோ என்று சந்தேகமாக இருந்தால் தோலை விட்டுவிடுங்கள். நான் தெரிந்த தோட்டத்தில் வாங்குவதால் தைரியமாகப் போடுகிறேன்.

கழுவிய பிறகு தோலைக் கொஞ்சம் தடிமனாகச் சீவி, நடுத்தண்டையும் வெட்டி எடுத்து, இரண்டையும் 8 லிட்டர் தண்ணீரில் போட்டு, தட்டிய சுக்கோடு சேர்த்து அரை மணி நேரம் கொதிக்க வையுங்கள். இந்தக் கட்டத்தில் நன்றாகக் கொதிக்கலாம், பயமில்லை. பத்து நிமிடத்தில் தண்ணீர் வைக்கோல் நிறத்துக்கு வரும், அப்புறம் மெல்ல மஞ்சள் ஏறும், வாசலில் நிற்பவர்களுக்கே மணம் போய்விடும். அதை ஒரு சுத்தமான தோர்த்தில் (மெல்லிய பருத்தித் துண்டில்) வடிகட்டிப் பிழிந்து எடுங்கள். தேநீர் வடிகட்டி போதாது, நார் இறங்கிவிடும்.

தோல் கொதிக்கும் நேரத்தில் சதையை மிக்ஸியில் அரைத்து அதையும் தோர்த்தில் பிழிந்து வைத்துக்கொள்ளுங்கள். கருப்பட்டியைத் தட்டிப் போட்டு, அந்தச் சூட்டுத் தண்ணீரிலிருந்தே இரண்டு செம்பு எடுத்துத் தனியாகக் கரைத்து வடிகட்டுங்கள். அடியில் மண்ணும் சுண்ணாம்புத் துகளும் தங்கும், எவ்வளவு நல்ல கருப்பட்டியாக இருந்தாலும் இதைச் செய்யாமல் விடாதீர்கள்.

அப்புறம் தோல் தண்ணீர், பழச்சாறு, கருப்பட்டிப் பாகு மூன்றையும் சருவத்தில் ஒன்றாக ஊற்றி அடுப்பைக் குறையுங்கள். பட்டை, கிராம்பு, ஏலக்காய், மிளகை ஒரு வெள்ளைத் துணியில் தளர்வாகக் கிழி கட்டி உள்ளே விட்டு, நூலின் மறுமுனையைச் சருவத்தின் காதில் கட்டிவிடுங்கள். இருபது நிமிடம் மெல்லிய சூட்டில் இருக்கட்டும். மேலே மஞ்சள் நுரை கட்டும், அதை அகப்பையால் எடுத்துவிடலாம். இறக்குவதற்குச் சற்று முன் ஆரஞ்சுச் சாறு, இறக்கிய பிறகு எலுமிச்சைச் சாறும் உப்பும். கிழியை எடுத்துவிடுங்கள். அவ்வளவுதான்.

நான் செய்தபோது நாக்கு மரத்துப் போனது, ஏன்?

கிராம்பு. எனக்கும் இது நடந்திருக்கிறது, அதனால் விரிவாகவே சொல்கிறேன். முதல் வருடம் அன்பியக் கூட்டத்துக்கு அறுபது பேர் வந்தார்கள். நம் ஊர்க் கிராம்பு நிறையக் கிடைத்தது, வாசனை நன்றாக இருக்கட்டும் என்று ஒரு கைப்பிடி அள்ளி அப்படியே சருவத்தில் போட்டேன். முதலில் குடித்தவர்கள் எல்லாம் பிரமாதம் என்றார்கள். ஜெபம் முடிய ஒரு மணி நேரம் ஆனது, அது வரை சருவம் சின்னத் தீயில் இருந்தது, கிராம்பும் உள்ளேயே கிடந்தது. அதற்குப் பிறகு எங்கள் பெரியம்மைக்கு (பெரியம்மாவுக்கு) ஒரு தம்ளர் கொடுத்தேன். இரண்டு வாய் குடித்துவிட்டுக் கீழே வைத்துவிட்டு, "நாக்கு மரத்துப் போச்சு மக்களே" என்றார். அப்புறம் அவருக்குக் கேக்கின் ருசியும் தெரியவில்லை. எண்பது வயதைத் தாண்டியவர், பாடுவதற்காகவே மழையில் நடந்து வந்தவர். எனக்கு மிகவும் கஷ்டமாகப் போய்விட்டது.

காரணம் எளிது. கிராம்பில் யூஜினால் என்ற எண்ணெய் இருக்கிறது, பல்வலிக்குக் கிராம்பு எண்ணெய் வைத்தால் வலி மரத்துப் போவது அதனால்தான். சூடான சாற்றில் கிராம்பு கிடக்கக் கிடக்க அது இறங்கிக்கொண்டே இருக்கும். நம் மாவட்டத்துக் கிராம்பில் எண்ணெய் அதிகம், கடையில் வாங்கும் பழைய கிராம்பின் கணக்கு அதற்குச் சரிவராது. எண்ணிப் போடுங்கள், அள்ளிப் போடாதீர்கள். இருபது நிமிடத்தில் எடுத்துவிடுங்கள். கிழி கட்டச் சொல்வது அழகுக்காக இல்லை, ஒரே இழுப்பில் எல்லாவற்றையும் வெளியே எடுக்கத்தான். ஏற்கெனவே மிஞ்சிப் போய்விட்டதென்றால் இன்னொரு பங்கு பழச்சாறும் வெந்நீரும் ஊற்றி விரவுவது தவிர வேறு வழியில்லை, சீனி போட்டால் சரியாகாது.

நல்ல கிராம்பு என்று எப்படித் தெரிந்துகொள்வது?

கிராம்பு என்பது விரியாத பூமொட்டு. மொட்டு பச்சையிலிருந்து இளஞ்சிவப்புக்குத் திரும்பும்போது, விரிவதற்கு முன் பறித்துக் காயவைப்பார்கள். அதனால் தலையில் அந்தச் சின்ன உருண்டை இருக்க வேண்டும், உதிர்ந்த வெறும் காம்பாக இருக்கக் கூடாது. நகத்தால் காம்பை அழுத்தினால் எண்ணெய் பிசுபிசுக்கும். ஒரு தம்ளர் தண்ணீரில் போட்டுப் பாருங்கள், நல்லது அடியில் போகும், அல்லது தலை மேலே இருக்க நேராக நிற்கும். எண்ணெய் எடுத்த சக்கை மேலே படுத்து மிதக்கும்.

எந்தப் பட்டை?

சுருள் சுருளாக, காகிதம் போல் மெல்லியதாக, கையால் நொறுங்குகிறதே, அது மென்மையான மணம் தரும். கறிக்குப் போடும் தடித்த பட்டை காரமாக இருக்கும். தடித்ததுதான் இருக்கிறது என்றால் ஐந்துக்குப் பதில் மூன்று போடுங்கள்.

எந்தப் பாத்திரத்தில் செய்யலாம்?

எவர்சில்வர். வேறு எதையும் யோசிக்காதீர்கள். கூட்டத்துக்கு என்றதும் வாடகைக்கு எடுக்கும் அலுமினிய அண்டாதான் முதலில் கைக்கு வரும், ஆனால் இது புளிப்புச் சாறு, அலுமினியத்தை அரிக்கும், குடிக்கும்போது உலோக ருசி வரும். ஈயம் பூசாத பித்தளை உருளியும் வேண்டவே வேண்டாம், அது உடம்புக்கே கெடுதல். அவ்வளவும் கொள்ளும் எவர்சில்வர் பாத்திரம் இல்லையென்றால் ஐந்து லிட்டர் எவர்சில்வர் குக்கர் மூன்றில் பிரித்து ஊற்றி மூடி போடாமல் பயன்படுத்தலாம், என் மைனி அப்படித்தான் செய்கிறாள்.

பழச்சாறு ஊற்றிய பிறகு கொதிக்க விடலாமா?

கூடாது. ஓரத்தில் சின்னச் சின்னக் குமிழி வந்து ஆவி பறந்தால் போதும். தளதளவென்று கொதித்தால் பழ வாசனை ஆவியோடு போய்விடும், மிஞ்சுவது வெறும் இனிப்பும் கசப்பும். ஆரஞ்சை வட்டமாக நறுக்கி மிதக்கவிடும் ஆசை எல்லாருக்கும் வரும், பார்க்க அழகுதான், ஆனால் தோலுக்கு அடியில் இருக்கும் வெள்ளைப் பகுதி சூட்டில் கிடந்தால் கசப்பு இறங்கும். வட்டங்களைப் பரிமாறும் நேரத்தில் தம்ளரில் ஒன்றாகப் போடுங்கள். இரண்டு மூன்று மணி நேரம் வைத்துக் கொடுப்பதாக இருந்தால் சூடு 60 டிகிரிக்குக் கீழே இறங்காமல் பார்த்துக்கொள்ளுங்கள், வெதுவெதுப்பில் கிடந்தால்தான் கெட்டுப் போகும். தெர்மாமீட்டர் இல்லாதவர்களுக்கு: தம்ளரைக் கையில் பிடிக்க முடிய வேண்டும், ஆனால் ஊதாமல் குடிக்க முடியக் கூடாது.

கைதச்சக்கை தின்றால் எனக்கு நாக்கு அரிக்குமே?

பச்சையாகத் தின்னும்போது அரிப்பது புரோமிலைன் என்ற நொதியால், அது புரதத்தைக் கரைக்கும். சூட்டில் அது செயலிழந்துவிடும். பச்சைப் பழம் ஒத்துக்கொள்ளாத பலர் இதைக் குடித்துவிட்டு ஒன்றும் செய்யவில்லை என்று சொல்லியிருக்கிறார்கள். ஆனால் அரிப்பு மட்டும் இல்லாமல் உதடு வீங்குவது, மூச்சு இழுப்பது போன்ற ஒவ்வாமை உள்ளவர்கள் சூடு செய்தாலும் தொட வேண்டாம்.

பால் சேர்க்கலாமா?

வேண்டாம். திரிந்துவிடும்.

கருப்பட்டிக்குப் பதில் சீனி? தேன்?

சீனி போட்டால் நிறம் தெளிவாக, பொன்னாக வரும், பழத்தின் ருசி முன்னால் நிற்கும். கருப்பட்டி போட்டால் நிறம் பால் விடாத கட்டஞ்சாயா போல் கறுக்கும், அடியில் ஒரு புகை மணம் இருக்கும். எனக்குக் கருப்பட்டிதான் பிடிக்கும், சுக்குக்கும் கிராம்புக்கும் அது ஈடுகொடுக்கும். நிறமும் வேண்டும், மணமும் வேண்டும் என்கிறவர்கள் பாதிப் பாதி போடலாம். இன்னொன்று, சீனி கலந்து காய்ச்சிய கருப்பட்டிதான் இப்போது நிறையப் புழங்குகிறது, அதனால் தெரிந்த இடத்தில் வாங்குங்கள். தேன் போட ஆசைப்பட்டால், மார்த்தாண்டம் தேன் நம் கையருகில் இருக்கிறது, ஆனால் அதைச் சருவத்தில் ஊற்றிக் காய்ச்சாதீர்கள், மணம் போய்விடும். குடிக்கும் சூட்டுக்கு ஆறிய பிறகு தம்ளரில் ஒரு கரண்டி விட்டுக் கலக்குங்கள். ஒரு வயது ஆகாத பிள்ளைக்குத் தேன் கூடவே கூடாது.

கைதச்சக்கை கிடைக்காத நேரத்தில்?

கொய்யாவும் கரும்பும் நல்ல ஜோடி. நன்றாகப் பழுத்த கொய்யா இரண்டு கிலோவை நாலாக வெட்டி, கரும்பைத் தோல் சீவித் துண்டாக்கிப் போட்டு, அரை மணி நேரம் வேகவைத்து வடிகட்டுங்கள். உள்ளே சிவந்த கொய்யாவாக இருந்தால் நிறம் அள்ளும். விதையை அரைக்காதீர்கள். இனிப்புக் கரும்பிலேயே பாதி வந்துவிடும், கருப்பட்டி அரைக்கிலோ போதும். இதற்கு எலுமிச்சை கொஞ்சம் கூடுதலாக வேண்டும், கொய்யாவுக்குப் புளிப்பு போதாது.

திராட்சை என்றால் கம்பம் பக்கத்துப் பன்னீர் திராட்சை. கையால் நசுக்கினால் போதும், மிக்ஸியில் போட்டால் விதை உடைந்து துவர்க்கும். தோலோடு மெல்லச் சூடாக்கினால் ஆழ்ந்த ஊதா நிறம் இறங்கும், கிறிஸ்துமஸ் மேசைக்கு அதைப் போல் அழகு கிடையாது. மட்டி, செந்துளுவன், ஏத்தன் என்று நம் ஊரில் வாழைப்பழத்துக்குப் பஞ்சமில்லை, ஆனால் இதற்கு ஆகாது, கூழாகிவிடும். சக்கைப்பழமும் (பலாப்பழம்) அப்படித்தான்.

பாடித் தொண்டை கட்டியவர்களுக்கு நல்லதாமே?

இதமாக இருக்கும், அதில் சந்தேகமில்லை. சூடும் சுக்கும் மிளகும் தொண்டைக்கு இறங்கும்போது ஒரு சுகம் உண்டு. கேரல் குழுவுக்கென்றால் மிளகை இரண்டு தேக்கரண்டியாக்குவேன். ஆனால் இது மருந்து என்று சொல்ல மாட்டேன். காய்ச்சல் இருந்தால் டாக்டரிடம் போங்கள்.

சர்க்கரை நோய் உள்ளவர்கள், கர்ப்பிணிகள்?

கருப்பட்டியும் சர்க்கரைதான், பழச்சாறும் சர்க்கரைதான். கருப்பட்டி என்றால் ஏறாது என்று சொல்கிறவர்களை நம்பாதீர்கள். அவர்களுக்காக நான் தோல் வேகவைத்த தண்ணீரில் ஒரு லிட்டரைத் தனியாக எடுத்து, இனிப்பே இல்லாமல் கொஞ்சம் மசாலாவும் எலுமிச்சையும் சேர்த்து ஒரு பிளாஸ்கில் வைத்துவிடுவேன். நன்றாகவே இருக்கும், இப்போது சர்க்கரை இல்லாதவர்களும் அதைக் கேட்கிறார்கள். கர்ப்பிணிகளுக்குக் கைதச்சக்கை கொடுக்கக் கூடாது என்பது நம் ஊரில் ஆழமான நம்பிக்கை. சாதாரணமாகத் தின்னும் அளவு கெடுதல் செய்யும் என்பதற்கு ஆதாரம் இல்லை. ஆனாலும் விருந்துக்கு வந்த பெண்ணிடம் அதைப் பற்றி வாதாடுவது முறையில்லை. கொய்யாச் சாற்றில் ஒரு சின்னப் பாத்திரம் செய்து வையுங்கள், அவளும் எல்லாரோடும் சேர்ந்து குடிக்கட்டும்.

எதில் ஊற்றிக் கொடுப்பது?

எவர்சில்வர் தம்ளர், ஓரம் மடித்ததாக இருந்தால் உதடு சுடாது. பிளாஸ்டிக் பூசிய காகிதக் கப் 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடைசெய்யப்பட்டதுதான், தவிர இவ்வளவு சூடான புளிப்புச் சாற்றை அதில் ஊற்ற எனக்கு மனம் வராது. தம்ளர் போதவில்லை என்றால் பங்குக் கோவிலிலோ பக்கத்து வீட்டிலோ கேட்டால் கொடுப்பார்கள். சுரண்டி வழவழப்பாக்கிய தேங்காய்ச் சிரட்டையிலும் கொடுத்திருக்கிறேன், பிள்ளைகளுக்கு அது ரொம்பப் பிடித்தது.

மீந்தால்?

ஆறவிட்டு மூடி ஃப்ரிட்ஜில் வைத்தால் இரண்டு நாள் தாங்கும். வெளியே இரவு முழுக்க வைத்தால் காலையில் நுரை கட்டி இருக்கும், நம் ஊர் வெக்கைக்குப் புளிக்க அதிக நேரம் ஆகாது. அதைக் கொட்டிவிடுங்கள். மறுநாள் மத்தியானம் ஐஸ் போட்டுக் குடித்தாலும் அருமையாக இருக்கும். பிழிந்த சக்கையில் கருப்பட்டி போட்டுக் கிளறினால் ஆப்பத்துக்குத் தொட்டுக்கொள்ள ஒரு ஜாம் ஆகிவிடும்.

டிசம்பர் மழையில் எத்தனை பேர் வருவார்கள் என்றே தெரியாதே, அளவை எப்படி முடிவு செய்வது?

இதைத்தான் அதிகம் பேர் கேட்கிறார்கள். முழுவதையும் ஒரேயடியாகச் செய்யாதீர்கள். தோலை 8 லிட்டருக்குப் பதில் 4 லிட்டர் தண்ணீரில் வேகவைத்து, மீதி எல்லாவற்றையும் சொன்னபடியே சேர்த்து, எலுமிச்சை மட்டும் விட்டுவிட்டுக் கெட்டியாகக் காய்ச்சி வையுங்கள். தண்ணீர் பாதி என்பதால் கிழியைப் பதினைந்து நிமிடத்தில் எடுத்துவிடலாம். முந்தின நாளே செய்து ஃப்ரிட்ஜில் வைக்கலாம். ஆள் வர வர, இரண்டு பங்கு சாற்றுக்கு ஒரு பங்குக்குச் சற்றுக் கூடுதலாக வெந்நீர் ஊற்றிச் சூடாக்கி, எலுமிச்சை பிழிந்து கொடுங்கள். போன வருடம் மழை கொட்டியதில் ஐம்பது பேர் வர வேண்டிய இடத்தில் பதினெட்டுப் பேர்தான் வந்தார்கள். மீதிச் சாற்றை பாட்டிலில் ஊற்றி, அன்று வர முடியாத வீடுகளுக்கு மறுநாள் காலையில் பிள்ளைகள் கொண்டுபோய்க் கொடுத்தார்கள், பெரியம்மை வீட்டுக்குத்தான் முதல் பாட்டில் போனது.